ஆறடி எட்டங்குலம்

சர்வதேச விளையாட்டு விழாவொன்று நெருங்கும்போது ஒரு நாட்டிற் பிறக்கும் ஆர்வம் விந்தையானது. ஒருநாளேனும் மைதானத்தில் ஓடியறியாதவரும் அப்போது வெற்றிதோல்விகளைக் கணிக்கத் தொடங்கிவிடுவர். இலங்கையில் இவ்வார்வத்தை வளர்த்தவர் டங்கன் வைற். 1948ஆம் ஆண்டு பெப்ரவரியில் நாடு சுதந்திரம் பெற்றது. அவ்வாண்டிலேயே இலண்டன் ஒலிம்பிக் விழாவில், 400 மீற்றர் தடைதாண்டி ஓட்டத்தில் அவர் வெள்ளிப் பதக்கம் பெற்றார்.

நான்கு ஆண்டுகளின் பின் யாழ்ப்பாணக் குடாநாட்டுக்கும் அப்பெருமையிற் பங்கு கிடைத்தது. யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியிற் பயின்ற நாகலிங்கம் எதிர்வீரசிங்கம், 1952இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் உயரம் பாய்தலிற் கலந்துகொண்டார். அப்போது அவருக்கு வயது 17.

இத்தகைய வீரர்கள் திடீரென உருவாவதில்லை. கல்லூரிகளின் இல்ல மெய்வல்லுநர் போட்டிகளே அவர்களுக்கு முதற்களம். ஓடிவரும் வேகத்தைக் கடைசி அடியில் மேல்நோக்கித் திருப்புவதே உயரம் பாய்தலின் நுட்பம். அன்று தடித்த மெத்தைகள் இல்லை. பாய்ந்தவர் விழுவது மணலில். ஆகவே கைகால்களால் உடலைத் தாங்கிக்கொள்ளும் பாய்ச்சல் முறைகளே வழக்கிலிருந்தன. 1968இல் டிக் பொஸ்பரி முதுகுப்புறமாகப் பாய்ந்து ஒலிம்பிக் தங்கம் வென்றமை, மென்மையான மெத்தைகள் வந்தபின்னரே இயல்வதாயிற்று. மணற்குழிக் காலத்தில் ஓர் அங்குலத்தைக் கூட்டுவதற்கும் நெடுநாட் பயிற்சி வேண்டியிருந்தது.

1958ஆம் ஆண்டு தோக்கியோவில் நடந்த மூன்றாவது ஆசிய விளையாட்டு விழாவில் எதிர்வீரசிங்கம் 2.03 மீற்றர், அதாவது ஏறத்தாழ ஆறடி எட்டங்குலம், பாய்ந்து முதலிடம் பெற்றார். ஆசிய விழாக்களில் இலங்கை பெற்ற முதலாவது தங்கப் பதக்கம் அதுவே.

ஆயினும் அவ்விழா நடந்த நாட்களிலேயே இலங்கையில் தமிழருக்கெதிரான வன்செயல் மூண்டிருந்தது. மே 27ஆம் திகதி அவசரகாலச் சட்டம் பிரகடனமாயிற்று. வீடிழந்த தமிழர் பலர் கொழும்பிலிருந்து கப்பலேறிக் காங்கேசன்துறைக்கு வந்து சேர்ந்தனர். நாட்டுக்குப் புகழ் தேடித் தந்தவரும் தமிழர். அந்நாட்டில் அடைக்கலம் தேடியவரும் தமிழர்.

எதிர்வீரசிங்கம் 2024 ஏப்ரலில் தமது 89ஆவது வயதிற் காலமானார். அவர் வென்ற பதக்கம் நாடு முழுவதற்கும் உரியது. அணியொன்றை வழியனுப்பும்போது எல்லாரும் ஒருகுரலில் வாழ்த்துகின்றனர். அந்த ஒற்றுமையை விழா முடிந்த பின்னரும் பேணிக்கொள்வது, களத்திற் பாய்பவரின் வேலையன்று; வீட்டிலிருந்து வாழ்த்துபவரின் கடமையாகும்.