உங்களுக்குத் தெரியுமா? சிரிப்பை எழுதியவர்கள்

கல்முனையில் இருந்து பொத்துவில், அறுகம்பே வரைக்கும் இந்தக் கரையில் ஐம்பது வயதைத் தாண்டிய யாரிடமும் மரிக்கார், உபாலி என்று பெயரைச் சொல்லிப் பாருங்கள். முகம் மலரும். பழைய வானொலிப் பெட்டியைப் பற்றி ஒரு கதையும் வரும். அந்தப் பேச்சையெல்லாம் எழுதியது யார் என்று கேட்டால் பாதிப்பேர் யோசிப்பார்கள். நடித்தவரின் குரல் காதில் நிற்கிறது, எழுதியவரின் பெயர் நிற்பதில்லை. இந்த முறை அவர்களைப் பற்றி.

● ‘கோமாளிகள் கும்மாளம்’ இலங்கை வானொலியின் தமிழ் வர்த்தக சேவையில் 1970களில் ஒலித்த நகைச்சுவைத் தொடர். அதில் மரிக்காராக நடித்த எஸ். ராமதாஸ்தான் அதன் எழுத்தாளரும். தான் பேசப்போவதை மட்டுமல்ல, எதிரே நின்றவர்கள் பேசியதையும் அவரே எழுதினார். ‘மரிக்கார் ராமதாஸ்’ என்பதே கடைசி வரை அவர் பெயராக இருந்தது. 2016 ஜூலையில் சென்னையில் காலமானார்.

● மரிக்கார் முஸ்லிம் பாத்திரம். ராமதாஸ் முஸ்லிம் அல்லர். ஐயராக வந்தவர் பி.எச். அப்துல் ஹமீத். சிங்களம் கலந்த தமிழ் பேசும் உபாலியாக வந்த எஸ். செல்வசேகரன் தமிழர். யாழ்ப்பாணத்து அப்புக்குட்டியாக டி. ராஜகோபால். ஒருவர் வீட்டுப் பேச்சை இன்னொருவர் பேசினார்கள். நாடு முழுவதும் கேட்டுச் சிரித்தது. நால்வரில் எவரும் மற்றவருக்கு மேல் இல்லை, நால்வருமே கோமாளிகள். தலைப்பிலேயே அதைச் சொல்லிவிட்டார்கள். இந்த நாட்டில் அந்தக் காலத்தில் இப்படி ஒரு தொடர் எழுதப்பட்டது என்பதை நான் பெரிய காரியமாகவே நினைக்கிறேன்.

● நாலு பேருக்கும் நாலு விதமான தமிழ் ஏன்? சிரிக்க வைப்பதற்கு மட்டும் அல்ல. வானொலியில் முகம் இல்லை, உடுப்பு இல்லை, மேடை இல்லை. கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்தது யார் என்று முதல் வரியிலேயே கேட்பவருக்குப் புரிய வேண்டும். ‘இதோ மரிக்கார் வந்துவிட்டார்’ என்று ஒவ்வொரு தடவையும் வேறொருவரைக் கொண்டு அறிவித்துக்கொண்டிருந்தால் நாடகம் நொண்டும். எனவே எழுதுகிறவர் ஆளை அடையாளம் காட்டும் வேலையைப் பேச்சுக்குள்ளேயே வைத்துவிடுகிறார். வினைச்சொல் முடியும் விதம், விளிக்கும் முறை, இழுத்துப் பேசும் இடம் என்று எல்லாவற்றையும் காதால் பொறுக்கித் தாளில் இறக்க வேண்டும். ஊர் ஊராகப் பேச்சைக் கவனித்த காது இல்லாதவரால் இதை எழுத முடியாது. வானொலி நகைச்சுவைக்குக் காதுதான் முதல் தகுதி.

● அந்த வானொலித் தொடரே 1976இல் ‘கோமாளிகள்’ என்று திரைப்படமானது. கதை வசனம் ராமதாஸ், இயக்கம் எஸ். இராமநாதன், தயாரிப்பு எம். முகம்மத். வானொலியில் நடித்த நால்வரும் திரையிலும் வந்தார்கள். இலங்கையில் எடுத்த தமிழ்ப் படங்களில் மக்கள் திரண்டு பார்த்தவை சிலவே. அவற்றில் இதுவும் ஒன்று. ராமதாஸின் எழுத்தில் 1978இல் ‘ஏமாளிகள்’ வந்தது.

● அதே ‘கோமாளிகள்’ படத்தில் சில்லையூர் செல்வராசனும் நடித்திருக்கிறார். கவிஞர், விளம்பர எழுத்தாளர், நாடகக்காரர், நடிகர் என்று பல வேலை செய்த மனிதர். ‘பல்கலை வேந்தன்’ என்றே அழைக்கப்பட்டவர். அவருடைய ‘தணியாத தாகம்’ முதலில் திரைப்படத்துக்கான சுவடியாக எழுதப்பட்டது. படமாகவில்லை. பிறகு மக்கள் வங்கியின் ஆதரவில் வானொலித் தொடராகி வீட்டுக்கு வீடு போய்ச் சேர்ந்தது. வர்த்தக சேவையில் விளம்பரதாரர் கிடைத்தால்தான் தொடர் ஓடும். இன்றைய தொலைக்காட்சியிலும் எழுதுகிறவரின் ஆயுளைத் தீர்மானிப்பது பெரும்பாலும் அதுதான்.

● ‘தணியாத தாகம்’ தொடரில் சோமுவாக நடித்த கே.எஸ். பாலச்சந்திரன் தானும் ஓர் எழுத்தாளர். 1944இல் கரவெட்டியில் பிறந்தவர். அவருடைய ‘அண்ணை றைற்’ தனிநடிப்பு. பஸ்ஸில் நடப்பதை, நடத்துநரையும் பயணிகளையும், ஒரே ஆளாக நின்று காட்டுவார். மேடையில் வேறு எவரும் இல்லை. பஸ் நிறைய ஆட்கள் ஏறியது போல இருக்கும். ‘வாத்தியார் வீட்டில்’ என்ற வானொலித் தொடரையும் எழுதினார். பின்னர் கனடாவுக்குப் போய் அங்கே தொலைக்காட்சிக்காக ‘வை.ரி. லிங்கம் ஷோ’ செய்தார். மேடை, வானொலி, தொலைக்காட்சி என மூன்றுக்கும் நகைச்சுவை எழுதிய ஈழத்தவர் என்று ஒருவரைச் சொல்லச் சொன்னால் நான் முதலில் சொல்வது இவர் பெயரைத்தான். 2014 பெப்ரவரியில் கனடாவில் மறைந்தார்.

● கொழும்பில் வானொலி தொடங்கியது 1925 டிசம்பரில். தொலைக்காட்சி வந்தது 1979 ஏப்ரலில், ஐ.ரி.என். மூலம். ஜப்பானின் உதவியோடு ரூபவாஹினி 1982 பெப்ரவரி 15இல் ஆரம்பமானது. வானொலிக்கு எழுதிக் கை பழகியவர்கள் தொலைக்காட்சிக்கு வந்தபோது வேலையே மாறிப்போனது. முகம் தெரிகிறது, ஆகவே பேச்சால் அடையாளம் காட்டத் தேவையில்லை. புருவத்தை உயர்த்தினால் ஒரு வரி மிச்சம். வசதிதான். ஆனால் வட்டார வழக்கை அத்தனை நுட்பமாக எழுதவேண்டிய கட்டாயமும் அதோடு போய்விட்டது. என் கணக்கில் அது நட்டம்.

● ‘பாட்டுக்குப் பாட்டு’ சன் தொலைக்காட்சியில் பிறந்தது என்று நினைப்பவர்கள் உண்டு. அதற்கு முன்பே அப்துல் ஹமீத் இலங்கை வானொலியில் அதை நடத்திக்கொண்டிருந்தார்.

● கமல்ஹாசன் ‘தெனாலி’ (2000) படத்தில் ஈழத்தமிழ் பேசினார் அல்லவா? அதற்குத் துணை நின்றவர் அப்துல் ஹமீத்தான். படத்தின் வசனம் கிரேஸி மோகன். இலங்கை வானொலி நகைச்சுவையும் சென்னை நாடக நகைச்சுவையும் ஒரே படத்தில் சந்தித்துக்கொண்டன.

● கிரேஸி மோகன் படித்தது பொறியியல், கிண்டிக் கல்லூரியில். சுந்தரம் கிளேட்டன் நிறுவனத்தில் வேலை பார்த்தார். 1976இல் எஸ்.வி. சேகரின் குழுவுக்கு எழுதிய ‘கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்’ நாடகத்தில் இருந்துதான் பெயருக்கு முன்னால் ‘கிரேஸி’ ஒட்டிக்கொண்டது. 1979இல் சொந்தக் குழு. நாடகம், தொலைக்காட்சித் தொடர், ‘மைக்கேல் மதன காமராஜன்’ போன்ற படங்கள் என்று 2019 ஜூனில் இறக்கும் வரை எழுதினார். மோகன் எழுதிய படம் என்று தெரிந்தால் வசனத்துக்காகவே ஆட்கள் போனார்கள். எழுத்தாளரின் பெயருக்காகப் பார்வையாளர் வருவது தமிழில் அபூர்வம். அதைச் சாதித்த மனிதர்.

● அமெரிக்காவில் 1950 முதல் 1954 வரை ‘யுவர் ஷோ ஒஃப் ஷோஸ்’ என்று ஒரு தொலைக்காட்சிப் பல்சுவை நிகழ்ச்சி. சனிக்கிழமை தோறும் ஒன்றரை மணி நேரம், நேரடி ஒளிபரப்பு. முன்னால் நின்று சிரிக்க வைத்தவர் சிட் சீசர். பின்னால் ஓர் அறை நிறைய எழுத்தாளர்கள்: மெல் டோல்கின், மெல் புரூக்ஸ், நீல் சைமன், அந்த ஆண்கள் கூட்டத்தில் துணிந்து குரல் கொடுத்த லூசில் காலன். அதே நிகழ்ச்சியில் நடித்த கார்ல் ரைனர் பிறகு 1961இல் ‘டிக் வான் டைக் ஷோ’வை உருவாக்கினார். அதன் நாயகனின் தொழில் என்ன தெரியுமா? தொலைக்காட்சிக்கு நகைச்சுவை எழுதுவது.

● 2023 மே 2இல் அமெரிக்கத் திரை, தொலைக்காட்சி எழுத்தாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். முதலில் நின்றுபோனவை இரவு நேரப் பேச்சு, நகைச்சுவை நிகழ்ச்சிகள். தொகுப்பாளர் இருந்தார், அரங்கம் இருந்தது, கமெரா இருந்தது. எழுதித்தர ஆள் இல்லை. 148 நாட்கள் நீடித்தது அந்தப் போராட்டம்.

● நம்ம பக்கத்துக்கு வருவோம். நிந்தவூர் எஸ். முத்துமீரான் தொழிலால் சட்டத்தரணி. வானொலி முஸ்லிம் சேவைக்கு நாடகங்கள் எழுதியவர். கிழக்கிலங்கை முஸ்லிம்களின் நாட்டார் கவிகளையும் தேடித் தொகுத்தவர். கல்முனைக்குடியில் பிறந்த பேராசிரியர் எம்.ஏ. நுஃமான் இலங்கை முஸ்லிம்களின் தமிழை மொழியியலாளராக ஆராய்ந்தவர். மரிக்கார் பேசியது கொழும்புப் பக்கத்து முஸ்லிம் தமிழ். அக்கரைப்பற்றிலும் சாய்ந்தமருதிலும் உம்மாமார் பேசும் தமிழ் அது அல்ல. இங்கே ‘மறுகா’ என்று தொடங்கும் கதைக்கும் ‘என்னகா’ என்ற விளிப்புக்கும் தனி ராகம் உண்டு. அந்த நாலு கோமாளிகளில் நம் கரையின் குரல் இல்லை. எழுத நினைக்கும் பிள்ளைகளுக்கு இங்கே பெரிய இடம் காலியாகக் கிடக்கிறது. இப்போது வானொலி நிலையத்தின் வாசலில் காத்திருக்கவும் தேவையில்லை, கையில் இருக்கும் போனே போதும்.

● 2004 டிசம்பர் 26 சுனாமியில் இலங்கையில் அதிக உயிர்களை இழந்தது நம் அம்பாறை மாவட்டம். வீடுகளோடு அலுமாரிகளும் போயின. ஒலிநாடாக்களும் கொப்பிகளும் அவற்றுக்குள் இருந்தன. எஞ்சியவை இப்போது உப்புக் காற்றில் கெட்டுக்கொண்டிருக்கின்றன. ஒலிநாடா காலத்தைத் தாங்கும் பொருள் அல்ல.

● நூலகம் நிறுவனம் 2005 முதல் ஈழத்துத் தமிழ் நூல்களையும் ஆவணங்களையும் மின்வடிவில் சேர்த்து, எவரும் இலவசமாகப் படிக்கும்படி வைத்திருக்கிறது. உங்கள் வீட்டில் பழைய வானொலி நாடகப் பிரதி, ஒலிநாடா, பாடசாலைக் கலைவிழாவுக்கு வாப்பாவோ மாமாவோ எழுதிய பகிடி நாடகக் கொப்பி ஏதும் இருந்தால் எறிந்துவிடாதீர்கள். ஒரு படியெடுத்து அங்கே கொடுங்கள். கொடுக்கும்போது நடித்தவர் பெயருக்கு முன்னால் எழுதியவர் பெயரைக் குறித்துவிடுங்கள்.