இரும்புக்குள் எட்டுப் பேர்

களத்துக்கு வந்த எந்திரங்கள் – தொடர் – 8

1916 ஜூலை 1. முதல் உலகப் போரில், பிரான்ஸின் சோம் ஆற்றுப் பகுதியில் ஒரு வாரம் இரவும் பகலும் ஜெர்மன் பதுங்குகுழிகள் மீது பீரங்கிக் குண்டுகளைப் பொழிந்துவிட்டு, பிரிட்டிஷ் காலாட்படை எழுந்து நடந்தது. ஜெர்மானியர்கள் ஆழமான நிலவறைகளில் பத்திரமாக இருந்தார்கள். குண்டுமழை நகர்ந்ததும் இயந்திரத் துப்பாக்கிகளோடு மேலே வந்தார்கள். அன்று பொழுது சாய்வதற்குள் பிரிட்டிஷ் தரப்பில் இறந்தவர்கள், காயம்பட்டவர்கள், காணாமல் போனவர்கள் என 57,470 பேர். இறந்தவர்கள் மட்டும் 19,240.

முட்கம்பி, இயந்திரத் துப்பாக்கி, பதுங்குகுழி. இந்த மூன்றும் ஒன்று சேர்ந்தால் மனித உடலால் அதைக் கடக்க முடியாது என்பதைச் சென்ற வாரம் பார்த்தோம். கம்பியை மிதித்து, தோட்டாவைத் தாங்கி, பள்ளத்தைத் தாண்டிப் போகும் ஒரு வண்டி வேண்டும். அந்த ஜூலையில் அப்படி ஒரு வண்டி இங்கிலாந்தில் தயாராகிக்கொண்டிருந்தது. அதன் கவசத்தைப் பற்றியும் பீரங்கியைப் பற்றியும் நிறைய எழுதியிருக்கிறார்கள். அதற்குள் உட்கார்ந்து போன எட்டுப் பேரை முன்னால் வைத்துப் பார்த்தால்தான் அதன் வரலாறு விளங்கும் என்பது என் எண்ணம்.

லிங்கனில் பிறந்த வண்டி

பொறியாளர் பிரிவு அதிகாரி எர்னெஸ்ட் ஸ்விண்டன் 1914-லேயே யோசனையைச் சொல்லிவிட்டார். கனமான பீரங்கிகளை இழுக்கும் அமெரிக்க 'ஹோல்ட்' டிராக்டர் சங்கிலிப் பட்டைகளில் ஊர்ந்து போகிறதே, அதற்குக் கவசம் போட்டால் என்ன? தரைப்படைத் தலைமை அதிக ஆர்வம் காட்டவில்லை. யோசனையைப் பிடித்துக்கொண்டது கடற்படை. அதன் அமைச்சராக இருந்த வின்ஸ்டன் சர்ச்சில் 1915 பிப்ரவரியில் 'தரைக் கப்பல்' குழுவை அமைத்தார்.

வேலை லிங்கன் நகரத்து வில்லியம் ஃபாஸ்டர் நிறுவனத்துக்குப் போனது. கதிரடிக்கும் எந்திரங்களும் டிராக்டர்களும் செய்துவந்த கம்பெனி அது. அதன் தலைவர் வில்லியம் டிரிட்டனும் கடற்படைப் பொறியாளர் வால்டர் வில்சனும் ஊரிலிருந்த 'ஒயிட் ஹார்ட்' ஓட்டல் அறையில் உட்கார்ந்து படம் போட்டார்கள். சிகாகோவிலிருந்து வந்த சங்கிலிப் பட்டைகள் முதல் சோதனையிலேயே காலை வாரின. வண்டி பள்ளத்தைத் தாண்டும்போது பட்டை தொய்ந்து கழன்று விழுந்தது. 1915 செப்டம்பரில் டிரிட்டன், அழுத்தி உருவாக்கிய எஃகுத் தகடுகளைக் கோத்து, சட்டத்தை விட்டு நழுவாத புதிய பட்டையைச் செய்தார். உண்மையில் டாங்கி பிறந்தது அந்தப் பட்டையில்தான்.

ஆனாலும் 'லிட்டில் வில்லி' என்ற அந்த முதல் வண்டியால் அகலமான பதுங்குகுழியைக் கடக்க முடியவில்லை. இதற்கு வில்சன் கண்ட வழி எளிமையானது: வண்டியின் பக்கவாட்டையே பெரிய சாய்சதுரமாக்கி, பட்டையை அதைச் சுற்றி முழுதாக ஓடவிடுவது. மூக்கு உயர்ந்திருந்ததால் எதிர்க்கரை மேல் ஏற முடிந்தது. நீளமாக இருந்ததால் பள்ளத்துக்குள் கவிழவில்லை. மேலே சுழலும் கோபுரம் வைத்தால் தலை கனத்துவிடும் என்பதால், கடற்படையின் 6-பவுண்டர் பீரங்கிகளை இரு பக்கமும் துருத்திய கூண்டுகளில் பொருத்தினார்கள்.

'மதர்' என்ற அந்த மாதிரி வண்டியை 1916 ஜனவரி கடைசியிலும் பிப்ரவரி தொடக்கத்திலும் ஹேட்ஃபீல்டு பூங்காவில் ஓட்டிக் காட்டினார்கள். போர் அமைச்சர் கிச்சனருக்கு நம்பிக்கை வரவில்லை. போர்த் தளவாட அமைச்சர் லாயிட் ஜார்ஜுக்குப் பிடித்திருந்தது. 100 வண்டிகளுக்கு ஆர்டர் போட்டு, பிறகு 150 ஆக்கினார்கள். பீரங்கி உள்ளது 'ஆண்', இயந்திரத் துப்பாக்கிகள் மட்டும் உள்ளது 'பெண்' என்று பெயர். இரண்டிலும் 75.

உள்ளே போய்ப் பார்ப்போம்

'மார்க் 1' டாங்கியின் எடை 28 டன். கவசம் 6 முதல் 12 மில்லிமீட்டர் வரை. 105 குதிரைத்திறன் கொண்ட டெய்ம்லர் பெட்ரோல் என்ஜின். நல்ல தரையில் மணிக்கு 6 கிலோமீட்டர் வரை போகும். குண்டு விழுந்து குதறிய மண்ணில் மனிதன் நடக்கும் வேகம்கூட வராது.

பக்கவாட்டுக் கதவு வழியாகக் குனிந்து நுழைந்தால் நடுவில் என்ஜின். அதற்கு மூடி கிடையாது, தடுப்புச் சுவரும் கிடையாது. என்ஜினுக்கும் சுவருக்கும் இடையிலுள்ள சந்தில்தான் ஆட்கள் வேலை பார்க்க வேண்டும். முன்னால் உயரமான இருக்கைகளில் கமாண்டரும் டிரைவரும். அவர்களுக்கு இரு பக்கத்திலும் பெட்ரோல் தொட்டிகள். பக்கக் கூண்டுகளில் நான்கு துப்பாக்கிக்காரர்கள். பின்னால், பட்டைக்கு ஒருவராக இரண்டு கியர்மேன்கள். ஆக மொத்தம் எட்டுப் பேர்.

வண்டியைத் திருப்பவே நான்கு பேர் வேண்டும். லேசாகத் திருப்பினால் போதும் என்றால், பின்னால் இழுபட்டு வரும் இரண்டு சக்கரங்கள் உதவும். கூர்மையாகத் திருப்ப வேண்டுமானால் டிரைவர் முதலில் வண்டியை நிறுத்துவார். சத்தத்தில் குரல் எடுபடாது. கையிலுள்ள ஸ்பானரால் என்ஜின்மேல் அடித்து, கியர்மேன்களின் கவனத்தைத் திருப்பி, விரலால் சைகை காட்டுவார். ஒரு பக்கத்துக் கியர்மேன் தன் பட்டையின் கியரை விடுவிப்பார். கமாண்டர் அந்தப் பட்டையின் பிரேக்கைப் பிடித்துக்கொள்வார். இன்னொரு பட்டை மட்டும் ஓட, 28 டன் இரும்பு முனகிக்கொண்டே திரும்பும். பிறகு மறுபடி நிறுத்தி, மறுபடி சைகை காட்டி, மறுபடி கியர் போட வேண்டும். இத்தனையும் எதிரியின் பீரங்கி குறிபார்த்துக்கொண்டிருக்கும்போது நடக்க வேண்டும்.

உள்ளே வெப்பம் 50 டிகிரியைத் தொடும். என்ஜின் புகை, பெட்ரோல் ஆவி, வெடிமருந்துப் புகை எல்லாம் சேர்ந்து மூச்சை அடைக்கும். கார்பன் மோனாக்சைடால் மயங்கி விழுந்தவர்கள் உண்டு, வெளியே வந்ததும் வாந்தியெடுத்தவர்கள் உண்டு. சாதாரணத் தோட்டா கவசத்தைத் துளைக்காவிட்டாலும், படும் இடத்தில் ஈயமும் இரும்பும் பொடிப்பொடியாகத் தெறித்து இடுக்குகள் வழியே முகத்தில் பாயும். அதற்காகத் தோலும் இரும்பு வளையச் சங்கிலியும் சேர்த்த முகமூடி கொடுத்தார்கள். அந்தச் சூட்டில் அதை மாட்டிக்கொண்டு வேலை பார்க்கப் பலரால் முடியவில்லை. வெளியுலகத்தோடு பேச வழி? புறாக்கள். கூண்டில் வைத்திருந்த புறாவின் காலில் செய்தியைக் கட்டி, துளை வழியாகப் பறக்கவிட்டார்கள்.

ஃப்ளெர்ஸ், 1916 செப்டம்பர் 15

படைத்தளபதி ஹெய்க் காத்திருக்கத் தயாராக இல்லை. சோம் போர் தேங்கிக் கிடந்தது. வந்து சேர்ந்த டாங்கிகளை உடனே இறக்கச் சொன்னார். குழுவினரில் பலர் பள்ளங்கள் நிறைந்த உண்மையான போர்க்களத்தை அதற்கு முன் பார்த்ததே இல்லை.

தாக்குதலுக்கு ஒதுக்கியவை 49. தொடங்கும் இடத்துக்கு வந்து சேர்ந்தவை 32. வழியிலேயே என்ஜின் மடிந்தவையும் பள்ளத்தில் சிக்கியவையும் மற்றவை. கேப்டன் ஹரோல்டு மோர்ட்டிமோரின் 'டி 1', பொழுது விடியும் முன்பே டெல்வில் காட்டோரம் போய், உலகில் போருக்குள் நுழைந்த முதல் டாங்கி ஆனது. லெப்டினன்ட் ஸ்டூவர்ட் ஹேஸ்டியின் 'டி 17' ஃப்ளெர்ஸ் கிராமத்துத் தெருவுக்குள்ளேயே போனது. மேலே பறந்த விமானி அதைப் பார்த்துச் செய்தி அனுப்ப, லண்டன் பத்திரிகைகள் அதைக் கொண்டாடித் தீர்த்தன.

கிராமம் கைக்கு வந்தது. ஜெர்மன் அரணை உடைத்துக்கொண்டு அப்பால் போக முடியவில்லை. வண்டிகளை இரண்டு மூன்றாகப் பிரித்து நெடுக விதைத்திருந்தார்கள். அவற்றுக்கு வழிவிடுவதற்காகச் சில இடங்களில் பீரங்கித் தாக்குதலில் இடைவெளி விட்டிருந்தார்கள். டாங்கி வராமல் போன இடத்தில் அந்த இடைவெளி காலாட்படையின் உயிரைக் குடித்தது. ரகசியமாக வைத்திருந்த ஆயுதத்தை ஓர் அற்பக் கிராமத்துக்காக வீணடித்துவிட்டார்கள் என்ற குற்றச்சாட்டு அன்றே எழுந்தது. அதில் நியாயம் உண்டு. ஆனால் களத்தில் இறங்கியிராவிட்டால் இந்த வண்டியின் குறைகள் எதுவும் வெளியே தெரிந்திருக்காது. ஹெய்க் மேலும் 1,000 டாங்கிகள் கேட்டார்.

குறை தீர்த்த விதம்

அடுத்த ஓராண்டில் டாங்கியில் வந்த மாற்றங்களைப் பட்டறை வரைபடத்தில் மட்டும் படித்தால் வெறும் தொழில்நுட்பமாகத் தெரியும். ஒவ்வொன்றுக்கும் பின்னால் யாரோ பட்ட அடி இருக்கிறது.

பின்சக்கரங்கள் உடைந்துகொண்டே இருந்தன, அவற்றைக் கழற்றினார்கள். நீளமான பீரங்கிக் குழாய் மரத்திலும் மண்ணிலும் முட்டியது, குட்டையாக்கினார்கள். ஆட்களின் பக்கத்திலேயே இருந்த பெட்ரோல் தொட்டி தீப்பிடித்தால் தப்ப வழியில்லை. 1917-ல் வந்த 'மார்க் 4'-ல் அதைக் கவசம் போட்டு வெளியே, வண்டியின் பின்பக்கத்துக்குக் கொண்டுபோனார்கள்.

1917 ஏப்ரல் 11 அன்று புல்கூரில், பயிற்சிக்கென்று கட்டிய 'மார்க் 2' வண்டிகளை நம்பி, போதுமான பீரங்கி ஆதரவு இல்லாமல் ஆஸ்திரேலியர்கள் பனியில் முன்னேறினார்கள். டாங்கிகள் நின்றுபோயின. 3,000 பேருக்கு மேல் பலியாகியோ காயம்பட்டோ பிடிபட்டோ போனார்கள். ஆஸ்திரேலியப் படைக்கு டாங்கி மேலிருந்த கோபம் தணிய ஓராண்டுக்கு மேல் ஆனது. கைப்பற்றிய டாங்கிகளை ஜெர்மானியர்கள் சோதித்தார்கள். அவர்களுடைய எஃகு மையத் தோட்டா கவசத்தைத் துளைத்தது. 'மார்க் 4'-ன் கவசம் அந்தத் தோட்டாவைத் தாங்கும் அளவுக்குக் கனத்தது.

கவசம் தோட்டாவைத் தடுத்தாலும் சேறு விடவில்லை. 1917 ஜூலை 31-ல் தொடங்கிய மூன்றாம் ஈப்ரஸ் போரில், குண்டுகளால் வடிகால்கள் சிதைந்த தாழ்நிலத்தில் மழையும் சேர்ந்துகொள்ள, டாங்கிகள் வயிறு வரை புதைந்தன. சிக்கிய வண்டியை மீட்க ஒரு நல்ல உபாயம் வந்தது. கூரைமேல் ஒரு கனத்த மரக்கட்டை. அதை இரண்டு பட்டைகளோடும் சங்கிலியால் பிணைத்து என்ஜினை ஓட்டினால், கட்டை சுழன்று அடியில் போய்ச் சேற்றில் ஊன்ற, வண்டி அதன்மேல் ஏறி வெளியே வரும். ஆனால் சங்கிலியை மாட்ட யாராவது ஒருவர் கூரைமேல் ஏற வேண்டும், தோட்டா பறக்கும் வெளியில்.

காம்ப்ரே, 1917 நவம்பர் 20

டாங்கிப் படையின் தளபதி ஹ்யூ எல்லிஸும் அவருடைய அதிகாரி ஜே.எஃப்.சி. ஃபுல்லரும் ஒன்றையே திரும்பத் திரும்பக் கேட்டார்கள்: குண்டு விழாத கெட்டித் தரை, ஒரே இடத்தில் எல்லா டாங்கிகளும், முன்னறிவிப்பு இல்லாத தாக்குதல். காம்ப்ரே நகருக்கு முன்னால் அது கிடைத்தது. 476 டாங்கிகள் திரண்டன. அவற்றில் 378 சண்டைக்கு. மற்றவை சரக்கு சுமக்கவும், கொக்கி போட்டு முட்கம்பியை இழுக்கவும்.

அங்கிருந்த ஹிண்டன்பர்க் அரணின் பதுங்குகுழிகளை டாங்கி தாண்ட முடியாத அகலத்தில் வெட்டியிருந்தார்கள். அதற்குப் பதில் சுள்ளிக் கட்டு. எரான் என்ற ஊரிலிருந்த பட்டறையில் சீனத் தொழிலாளர்கள் விறகுச் சுள்ளிகளைச் சேர்த்துச் சங்கிலியால் சுற்ற, சங்கிலியின் இரு முனைகளையும் டாங்கிகள் எதிரெதிர்ப் பக்கம் இழுத்து இறுக்கின. ஒவ்வொரு கட்டும் ஒன்றரை டன்னுக்கு மேல். அதை மூக்கின் மேல் ஏந்திக்கொண்டு வண்டிகள் புறப்பட்டன.

மூன்று மூன்றாகப் போக வேண்டும் என்று பயிற்சி கொடுத்திருந்தார்கள். முதல் டாங்கி கம்பியை மிதித்துவிட்டு, பதுங்குகுழியைத் தாண்டாமல் இடது பக்கம் திரும்பி, குழியின் ஓரமாகவே சுட்டுக்கொண்டு போகும். எதிரி தலை தூக்க முடியாது. இரண்டாவது, தன் கட்டைக் குழியில் போட்டு அதன்மேல் ஏறித் தாண்டும். மூன்றாவது அதே கட்டின்மேல் கடந்து, இரண்டாவது குழியில் தன் கட்டைப் போடும். கடைசியில் முதல் டாங்கி இரண்டு கட்டுகள் மேலும் கடந்து, மூன்றாவது குழிக்குத் தன் கட்டைக் கொண்டுபோகும். கம்பியில் டாங்கி போட்ட பாதையில் காலாட்படை வரிசையாகப் பின்தொடரும்.

பீரங்கிப் படையும் புதிதாகக் கற்றிருந்தது. அதுவரை தாக்குதலுக்கு முன்பே சில குண்டுகளைச் சுட்டுக் குறியைச் சரிபார்ப்பார்கள், எதிரி உஷாராகிவிடுவான். இந்த முறை நில அளவையும் கணக்கும் கொண்டே குறிவைத்துவிட்டு, 1,003 பீரங்கிகள் வாய் திறக்காமல் காத்திருந்தன. காலை 6:20-க்கு எல்லாம் ஒன்றாக முழங்கின. எல்லிஸ் 'ஹில்டா' என்ற டாங்கியில் கொடியோடு முன்னால் போனார். மாலைக்குள் சில இடங்களில் 6 கிலோமீட்டருக்கு மேல் முன்னேறிவிட்டார்கள். ஈப்ரஸில் அந்தத் தூரத்துக்கு மாதக்கணக்கில் ரத்தம் சிந்தியிருந்தார்கள். நவம்பர் 23 அன்று இங்கிலாந்தின் தேவாலய மணிகள் ஒலித்தன.

விலையும் அன்றே தெரிந்தது. ஒரே நாளில் 179 டாங்கிகள் செயலிழந்தன. எதிரியின் அடியில் வீழ்ந்தவை 65. மீதி, பழுதானவையும் சிக்கியவையும். ஃப்ளெஸ்கியர் மேட்டில், நகரும் இலக்கைச் சுடப் பழகியிருந்த ஜெர்மன் பீரங்கிக்காரர்கள் டாங்கிகளை ஒவ்வொன்றாக அடித்தார்கள். ஃப்ளெஸ்கியர் கிராமத்தில் வீழ்ந்த 'டி 51 டெபோரா'வை 1998-ல் மண்ணிலிருந்து தோண்டியெடுத்து, இன்று அங்கேயே அருங்காட்சியகத்தில் வைத்திருக்கிறார்கள். அதன் எட்டுப் பேரில் ஐந்து பேரின் கல்லறைகள் பக்கத்திலேயே உள்ளன.

நவம்பர் 30-ல் ஜெர்மானியர்கள் திருப்பி அடித்தார்கள். பிடித்த நிலத்தில் பெரும்பகுதி கைவிட்டுப் போனது. இரு தரப்பிலும் தலா 40,000 பேருக்கு மேல் இழப்பு.

டாங்கி வந்தது, போர் மாறியது என்று ஒரே வரியில் சொல்லிவிடும் பாடப்புத்தகங்களோடு எனக்கு உடன்பாடில்லை. ஃப்ளெர்ஸில் இருந்ததும் காம்ப்ரேயில் இருந்ததும் கிட்டத்தட்ட ஒரே வண்டிதான். ஓராண்டில் மாறியவை தரையைத் தேர்ந்தெடுத்த விதம், காலாட்படையோடு சேர்ந்து செய்த பயிற்சி, பீரங்கியின் மௌனம், சுள்ளிக் கட்டு. பிடித்த நிலத்தைக் காக்கப் பின்னால் போதிய படை இல்லாதபோது அவையும் போதவில்லை. தனியாக அனுப்பிய டாங்கி எங்கும் வெல்லவில்லை. அதைத் தனியாக அனுப்பிய தளபதிகளின் தவறுக்கு முதலில் உயிர் கொடுத்தவர்கள் அந்த எட்டுப் பேரும், அவர்களை நம்பிப் பின்னால் நடந்தவர்களும். ஒரு புதிய ஆயுதத்தைப் பார்த்து மயங்கும் எந்தக் காலத்துத் தலைமையும் இந்தக் கணக்கைப் படிக்க வேண்டும்.

அடுத்த வாரம்: சுழலும் கோபுரமும் இரண்டே ஆட்களும் கொண்ட பிரெஞ்சு 'ரெனோ எஃப்.டி', புல்கூரின் கோபத்தைக் கடந்து டாங்கியோடு கைகோத்த ஆஸ்திரேலியர்களின் ஹேமல் வெற்றி, 1918 ஆகஸ்ட் 8-ன் ஏமியன்ஸ்.