சிற்றோடை பிரித்த ஜெர்மன் கிராமம்

ஜெர்மனியின் பவேரியா, துரிங்கியா மாநிலங்கள் சந்திக்கும் இடத்தில், ஹோஃப் நகருக்கு வடக்கே உள்ளது மோட்லராய்ட் என்ற சிற்றூர். ஏறத்தாழ 50 பேர் மட்டுமே வசிக்கும் இந்த விவசாயக் கிராமத்தின் நடுவே டான்பாக் எனும் ஓடை செல்கிறது. ஒரு சிறுவன்கூடத் தாண்டிவிடக்கூடிய அகலமே அதற்கு உண்டு. ஆனால் 1952 முதல் 1989 வரை, அந்த ஓடையைக் கடக்க முயல்வது உயிரைப் பணயம் வைக்கும் செயலாக இருந்தது.

இந்த எல்லை பனிப்போர்க் காலத்தில் புதிதாக வரையப்பட்டது அல்ல. பவேரிய அரசுக்கும் ராய்ஸ் சிற்றரசுக்கும் இடையிலான எல்லையாக டான்பாக் ஓடை கொள்ளப்பட்டு, 1810ஆம் ஆண்டில் எல்லைக் கற்கள் நடப்பட்டன. முதலாம் உலகப் போருக்குப் பிறகு முடியாட்சிகள் மறைந்தன. எல்லை மட்டும் பவேரியாவுக்கும் துரிங்கியாவுக்கும் உரியதாகத் தொடர்ந்தது. ஊர் மக்கள் அதைப் பெரிதாகப் பொருட்படுத்தவில்லை. பள்ளிக்கூடமும் மதுக்கடையும் துரிங்கியப் பகுதியில் இருந்தன. தேவாலயத்துக்குப் பவேரியாவில் உள்ள டோப்பன் என்ற ஊருக்குச் சென்றார்கள். வரி கட்டும்போதுதான் இரண்டு அரசுகள் இருப்பது நினைவுக்கு வந்திருக்கும்.

1945இல் ஜெர்மனி தோற்றபின் பவேரியா அமெரிக்கர்களின் பொறுப்பிலும், துரிங்கியா சோவியத் பொறுப்பிலும் வந்தன. 1949இல் இரு ஜெர்மன் நாடுகள் உருவானபோது, பழைய மாநில எல்லையே சர்வதேச அரசியலின் எல்லையாக மாறிவிட்டது. ஆயினும் அனுமதிச் சீட்டுடன் ஓடையைக் கடக்கச் சில காலம் முடிந்தது.

1952 மே மாதத்தில் நிலைமை அடியோடு மாறியது. எல்லையை ஒட்டிய ஐந்து கிலோமீட்டர் பரப்பை கிழக்கு ஜெர்மனி தடை செய்யப்பட்ட பகுதியாக அறிவித்தது. எல்லையோரம் 500 மீட்டர் அகலப் பகுதியில் கட்டுப்பாடுகள் மேலும் கடுமையாயின. நம்பகமற்றவர்கள் என்று கருதப்பட்ட குடும்பங்கள் எல்லைப் பகுதிகளிலிருந்து பலவந்தமாக வெளியேற்றப்பட்டன. இந்த நடவடிக்கைக்கு அதிகாரிகள் வைத்துக்கொண்ட உட்பெயரின் பொருள் 'பூச்சி ஒழிப்பு' என்பதாகும். மனிதர்களை எவ்வாறு மதித்தார்கள் என்பதற்கு வேறு ஆவணம் தேவையில்லை.

மோட்லராய்டில் முதலில் மரவேலி எழுந்தது. பின்னர் முள்வேலி வந்தது. 1966இல் சுமார் 700 மீட்டர் நீளமும் மூன்று மீட்டருக்கு மேல் உயரமும் கொண்ட கான்கிரீட் சுவர் கட்டப்பட்டது. பெர்லின் சுவரை நினைவூட்டியதால் அமெரிக்கப் படையினர் இக்கிராமத்தை 'குட்டி பெர்லின்' என்று அழைத்தார்கள். 1983 பிப்ரவரியில் அமெரிக்கத் துணை அதிபராக இருந்த ஜார்ஜ் புஷ் இங்கு வந்து சுவரைப் பார்வையிட்டார்.

மேற்கிலிருந்து வந்த பயணிகள் சுவருக்கு அப்பால் தெரியும் வீடுகளை நோக்கிக் கையசைப்பது உண்டு. பதிலுக்குக் கையசைக்கக் கிழக்குப் பகுதி மக்களுக்கு அனுமதி இல்லை. வெளியூர் உறவினர்கள் அவர்களைப் பார்க்க வருவதற்கும் தனி அனுமதி தேவைப்பட்டது. சில பத்து மீட்டர் தூரத்தில் இருந்த அண்டை வீட்டாரைச் சந்திக்க வேண்டுமானால் பெரும் சுற்றுப் பயணமும், எளிதில் கிடைக்காத அரசு அனுமதியும் வேண்டும்.

இரு ஜெர்மனிகளின் எல்லை எல்லோருக்கும் ஒரே விதமாக அடைபட்டிருக்கவில்லை என்பதை இலங்கைத் தமிழர்கள் அறிவார்கள். 1980களில் அவர்களில் பலர் விமானம் மூலம் கிழக்கு பெர்லின் வந்து, அங்கிருந்து நகர ரயிலில் மேற்கு பெர்லினுக்குச் சென்று தஞ்சம் கோரினார்கள். பெர்லினைப் பிரித்த கோட்டைச் சர்வதேச எல்லையாக மேற்குத் தரப்பு ஏற்காததால், அந்தப் பக்கத்தில் கடவுச்சீட்டுச் சோதனை இருக்கவில்லை. தன் குடிமக்களை வெளியே விடாத கிழக்கு ஜெர்மனி, அந்நியரைத் தாராளமாக அனுப்பி வைத்தது. 1985 ஜூலையில், மேற்கு ஜெர்மனியுடனான வர்த்தகக் கடன் பேச்சுகள் நடந்த வேளையில், செல்லும் நாட்டின் விசா இல்லாத இலங்கைத் தமிழர்களை இனி அழைத்துவருவதில்லை என்று அது ஒப்புக்கொண்டது. எல்லை திறப்பதும் மூடுவதும் பேரம் பேசக்கூடிய சரக்காக இருந்தன.

பெர்லின் சுவர் 1989 நவம்பர் 9ஆம் தேதி திறந்தது. மோட்லராய்ட் மக்கள் மேலும் ஒரு மாதம் காத்திருக்க வேண்டியிருந்தது. டிசம்பர் 9ஆம் தேதிதான் அங்கே பாதசாரிகளுக்கு வழி திறக்கப்பட்டது. 1990 ஜூன் 17ஆம் தேதி இயந்திரம் கொண்டு சுவர் இடிக்கப்பட்டது. ஆனால் முழுவதையும் இடித்துவிடவில்லை. சுமார் 100 மீட்டர் சுவரும் காவல் கோபுரமும் விடப்பட்டு, அவற்றைச் சுற்றி அருங்காட்சியகம் ஒன்று அமைக்கப்பட்டது.

ஜெர்மனி ஒன்றிணைந்த பிறகும் மோட்லராய்ட் ஒரே நிர்வாகத்தின் கீழ் வரவில்லை. டான்பாக் இன்றும் மாநில எல்லையே. ஒரு கரை டோப்பன் ஊராட்சியையும், மறுகரை கெஃபெல் நகராட்சியையும் சேர்ந்தது. இரண்டு மேயர்கள், இரண்டு அஞ்சல் குறியீட்டு எண்கள், இரண்டு தொலைபேசிக் குறியீடுகள் இருக்கின்றன. பவேரியக் கரையில் வணக்கம் சொல்ல 'குரூஸ் காட்' என்கிறார்கள். துரிங்கியக் கரையில் 'கூட்டன் டாக்'. ஓடையின் மீதுள்ள சிறிய பாலத்தில் யாரும் யாரையும் நிறுத்துவதில்லை.