உதடு தெலுங்கு, ஒலி தமிழ்!



மொழிமாற்றினால் படத்தின் சுவை கெடும் என்று எதிரணியில் அடித்துச் சொன்னாங்க. கெடும், நானும் ஒத்துக்கிறேன். ஆனா எங்கே கெடும், எங்கே கெடாது என்று பார்க்க வேண்டாமா?

முதல்ல உதட்டைப் பாருங்க. 'ப', 'ம' சொல்லும்போது இரண்டு உதடும் ஒட்டும். தெலுங்கு நாயகன் 'ப்ரேம' என்கிறான். உதடு இரண்டு தடவை ஒட்டுது. நம்ம 'காதல்' என்ற சொல்லைச் சொல்லிப் பாருங்க, ஒட்டவே ஒட்டாது! (சிரிப்பு) வசனம் எழுதுகிறவர் என்ன செய்வார் பாவம்? 'பிரியம்' என்று போடுவார். அடுத்து, தெலுங்குச் சொற்கள் பெரும்பாலும் உயிரெழுத்தில் முடியும். 'வச்சாடு' என்று வாய் குவிகிற இடத்தில் 'வந்தான்' என்றால் இடிக்கும். 'வந்தாரு' என்றால் பொருந்தும். ஆனா வில்லனுக்கு மரியாதை கூடிப்போகும்! (கைதட்டல்)

இத்தனை ஒட்டுவேலைக்குப் பிறகும் 1990-இல் வந்த தெலுங்கு 'கர்த்தவ்யம்', இங்கே 'வைஜயந்தி ஐ.பி.எஸ்.' ஆகி வெற்றி பெற்றதே, எப்படி? அநியாயத்தைக் கண்டு ஒரு பெண் அதிகாரிக்கு வரும் கோபம் எந்த மொழியிலும் கோபம்தான்.

ஆனால் 1978-இல் பாலசந்தர் எடுத்த 'மரோ சரித்ரா' சென்னையில் தெலுங்கிலேயே ஓராண்டைத் தாண்டி ஓடியது. ஏன்? தமிழ்ப் பையன், தெலுங்குப் பெண். இருவருக்கும் நடுவே மொழிதான் சுவர். அவளையும் தமிழ் பேசவைத்தால் சுவர் ஏது? கதை ஏது? அதை இந்தியில் எடுத்தபோதுகூட மொழிமாற்றவில்லை. 1981-இல் 'ஏக் தூஜே கே லியே' என்று, இந்திப் பெண்ணை வைத்துப் புதிதாகவே எடுத்தார்கள்.

'அடியில் எழுத்துப் போட்டால் போதாதா?' என்று எதிரணி கேட்டது. 2024-இல் 'மஞ்சும்மல் பாய்ஸ்' படத்தை மலையாளத்திலேயே நம்ம பிள்ளைங்க பார்த்தாங்க, சரி. எங்கம்மா கைநாட்டுங்க. விஸ்வநாத்தின் 'சாகர சங்கமம்' 1983-இல் 'சலங்கை ஒலி'யாக வந்தபோது, பள்ளிக்கூடப் பையன் நான் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். அம்மா அழுதாங்க. எழுத்தாக ஓடியிருந்தால், 'என்னடா போட்டிருக்கு?' என்று என்னைத்தான் கேட்டிருப்பாங்க. அன்றைக்கு அவங்க யாரையும் கேட்கவில்லை.

மொழியே கதையானால் மாற்றாதீர்கள். மனசு கதையானால் மாற்றுங்கள். படிக்கத் தெரியாதவர்களுக்கும் நல்ல படத்தில் ஒரு நாற்காலி வேண்டும் என்று கேட்டு, அமர்கிறேன்.