கிணற்றுச் சவரை அளக்கும் சில்லு

புத்தூர் நவக்கிரியில் நிலாவரைக் கிணற்றைப் பார்க்க வருபவர்கள் அதன் ஆழத்தைத்தான் முதலில் விசாரிப்பார்கள். தோட்டக்காரருக்கு முக்கியமானது வேறு: மேலே நல்ல தண்ணீர், அடியில் உவர்நீர். யாழ்ப்பாணக் குடாநாட்டின் சுண்ணக்கல்லுக்குள் இறங்கும் மழைநீர், அடர்த்தி கூடிய உவர்நீரின் மேல் தங்கி நிற்கிறது. அளவுக்கு மிஞ்சி இறைத்தால் அடியிலிருக்கும் சவர் மேலேறும். வெங்காயப் பாத்தி அதைத் தாங்காது.

அந்தச் சவரை அளக்கும் கருவியை ஒரு மாணவர் தன் கையாலேயே செய்யலாம். மைக்ரோகன்ட்ரோலர் நிரலாக்கம் பழக இதைவிடப் பயனுள்ள பாடம் அரிது.

மைக்ரோகன்ட்ரோலர் என்பது ஒரே சில்லுக்குள் அடங்கிய சிறு கணினி. அத்தகைய சில்லைத் தாங்கிய ஆர்டுயினோ பலகை, இத்தாலியின் இவ்ரியா நகரில் 2005-இல் மாணவர்களுக்காக உருவானது. அதன் ஊனோ வகையிலுள்ள ஏடிமெகா328பி சில்லில் நிரலுக்கு 32 கிலோபைட், தற்காலிக நினைவகமாக 2 கிலோபைட்தான் உண்டு. இந்த வேலைக்கு அது தாராளம்.

முதலில் 220 ஓம் தடையியோடு ஒரு எல்ஈடியை 13-ஆம் முனையில் இணைத்து, ஒரு நொடி எரிந்து ஒரு நொடி அணையுமாறு மினுக்கவிட வேண்டும். நிரலில் அந்த ஒரு நொடியைக் குறிக்கும் 1000 (மில்லிசெக்கன்) என்பதை 200 ஆக்கினால் மினுக்கம் விரைவாகும். எழுதிய எண் கண்முன்னே வேலை செய்வதைப் பார்த்ததும் பயம் போய்விடும்.

அடுத்தது தண்ணீர். துருப்பிடிக்காத இரண்டு உருக்குக் கம்பிகளைச் சிறிது இடைவெளியில் அசையாமல் பொருத்தி, ஒரு குவளை நீரில் இறக்க வேண்டும். ஒரு கம்பி 8-ஆம் முனைக்கு. மற்றது ஏ0 முனைக்கும், 1000 ஓம் தடையி வழியாக 9-ஆம் முனைக்கும். 8-இல் 5 வோல்ற், 9-இல் பூச்சியம் கொடுத்தால், ஏ0-இல் வரும் வோல்ற்றளவைச் சில்லு 0 முதல் 1023 வரையான எண்ணாகத் தரும். ஒரு சிட்டிகை உப்புப் போட்டதும் எண் துள்ளி ஏறும்.

மின்னைத் தொடர்ந்து விட்டால் கம்பிகளில் குமிழிகள் படியும். நீர் மின்னாற்பகுப்பு அடைவதால் அளவும் பிழைக்கும். ஆகவே சில மில்லிசெக்கன் மட்டும் மின் கொடுத்து, அளந்து, அடுத்த முறை திசையை மாற்ற வேண்டும். திசை மாறும்போது கிடைக்கும் எண்ணை 1023-இலிருந்து கழித்தால் சரியான அளவு வரும். நிரலின் சில வரிகளே இதைச் செய்துவிடும்.

காய்ச்சி வடித்த நீரில் லீற்றருக்கு 1 கிராம், 2 கிராம் என உப்புக் கரைத்து எண்களைக் குறித்துக்கொண்டால் அளவுகோல் தயார். வெப்பம் ஒரு பாகை கூடினால் மின்கடத்தல் ஏறத்தாழ 2 வீதம் கூடும் என்பதால், நீரின் வெப்பநிலையையும் எழுதிவைக்க வேண்டும். இனி, இறைப்புக்கு முன்னும் பின்னும் கிணற்று நீரை அளந்து, இரண்டு எண்களையும் ஒரே கொப்பியில் பதியலாம்.