'அம்மா பேர்ல சொத்து எழுதினவர்தானே?' – ஹக்கீமி பற்றி அந்த மீம் சொல்லாத கதை

ஞாயிற்றுக்கிழமை காலை, திருநின்றவூர் ஸ்டேஷன். சென்ட்ரல் போகும் லோக்கலுக்காக நின்றுகொண்டிருந்தேன். பக்கத்தில் ஒரு கல்லூரிப் பையன். நீல ஜெர்சி, முதுகில் 'ஹக்கீமி', கீழே எண் 2.

"பி.எஸ்.ஜி. ஃபேனா தம்பி?"

"இல்லண்ணா, ஆஃபர்ல கிடைச்சுது" என்று சிரித்தான். "ஆனா ஆளு யாருன்னு தெரியும். டைவர்ஸ் கேஸ்ல பொண்டாட்டி பாதி சொத்து கேட்டப்போ, எல்லாமே அம்மா பேர்ல இருக்குன்னு தெரிஞ்சுதே... அவர்தானே?"

அவரேதான். 2023 ஏப்ரலில் உலகம் முழுக்கச் சுற்றிய அந்த மீம் நம் குடும்ப வாட்ஸ்அப் குரூப்களையும் விட்டுவைக்கவில்லை. ஆனால், நீதிமன்ற ஆவணம் எதையும் காட்டாமல் பரவிய செய்தி அது. ஆப்பிரிக்க இணையதளம் ஒன்றில் கிளம்பி, ஒரே வாரத்தில் 'உண்மை' ஆகிவிட்டது. அதே ஆண்டு மார்ச்சில், ஒரு பெண்ணின் குற்றச்சாட்டின் பேரில் பிரான்ஸில் ஹக்கீமி மீது பாலியல் வல்லுறவு வழக்கில் முறைப்படி விசாரணை தொடங்கியது. குற்றச்சாட்டை அவர் மறுத்துவருகிறார். ஆவணம் உள்ள இந்தச் செய்தியை மீம் போட்டவர்கள் யாரும் தொடவில்லை.

சரி, மைதானத்துக்கு வருவோம். 2025 நவம்பர் 19-ம் தேதி, மொராக்கோ தலைநகர் ரபாத்தில் ஆப்பிரிக்காவின் சிறந்த கால்பந்து வீரர் விருதை அஷ்ரஃப் ஹக்கீமி வாங்கினார். ஒரு டிஃபெண்டர் இந்த விருதை வாங்குவது 1973-க்குப் பிறகு அதுவே முதல்முறை. அதற்கு முந்தைய நாள், நவம்பர் 18-ம் தேதி, டாக்காவில் இந்திய அணி வங்கதேசத்திடம் 0-1 என்று தோற்றது. 22 வருடங்களில் வங்கதேசத்திடம் நமக்குக் கிடைத்த முதல் தோல்வி.

இரண்டுக்கும் சம்பந்தம் இருக்கிறது. அதைப் புரிந்துகொள்ள, முதலில் மாட்ரிட் பக்கம் போக வேண்டும்.

மாட்ரிட்டின் 'ஆவடி'யில் வளர்ந்த பையன்

ஹக்கீமி மொராக்கோவில் பிறந்தவர் இல்லை. 1998 நவம்பர் 4-ம் தேதி ஸ்பெயின் தலைநகர் மாட்ரிட்டில் பிறந்தார். வளர்ந்தது நகரத்தை ஒட்டிய கெட்டாஃபேயில். விமானத் தொழிற்சாலை, விமானப்படைத் தளம், ஷிஃப்ட்டுக்குப் போகும் தொழிலாளர்கள் என்று இருக்கும் ஊர். நம்ம ஆவடியை மனதில் வைத்துக்கொண்டால் போதும்.

அப்பா தெருவோர வியாபாரி. அம்மா வீட்டு வேலை செய்தவர். தன்னைக் கால்பந்துக்கு அனுப்புவதற்காகக் கூடப்பிறந்தவர்களுக்குக் கிடைக்க வேண்டியதையும் பெற்றோர் குறைத்துக்கொண்டார்கள் என்று ஹக்கீமியே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். 2022 உலகக் கோப்பையில் பெல்ஜியத்தை ஜெயித்ததும் கேலரிக்கு ஓடிப்போய் அம்மாவிடம் முத்தம் வாங்கினாரே, அந்தப் படத்துக்குப் பின்னால் இருப்பது இதுதான். அந்தப் படத்துக்குக் கிடைத்த லைக்குகள்தான் அடுத்த வருடம் சொத்து மீமாக மாறியதோ என்று எனக்கு ஒரு சந்தேகம்.

2006-ல், எட்டு வயதை எட்டும் முன்பே, ரியல் மாட்ரிட் அகாடமியில் சேர்ந்தார். 2017 அக்டோபரில் எஸ்பான்யோலுக்கு எதிராக சீனியர் அணியில் அறிமுகம். அந்த சீசனிலேயே சாம்பியன்ஸ் லீக் பதக்கம். ஆனால், வலதுபக்க இடம் கார்வஹாலுக்குச் சொந்தம். பெஞ்சில் உட்கார்ந்து வயதைக் கரைப்பதா, வெளியே போவதா என்ற கேள்வி வந்தது. 2018-ல் இரண்டு வருட லோனில் ஜெர்மனியின் டார்ட்மண்டுக்குப் போனார்.

டிஃபெண்டர் எதுக்குங்க கோல் அடிக்கணும்?

நம் ஊர் கிரவுண்டில் டிஃபெண்டர் ஆக்கப்படுவது யார்? கொஞ்சம் குண்டாக இருப்பவன், அல்லது கடைசியாக வந்து சேர்ந்தவன். "நீ பின்னாடி நில்லு, பந்து வந்தா அடிச்சு வெளிய தள்ளு." அவ்வளவுதான் வேலை.

ஹக்கீமி ஆடும் ரைட் பேக் இடம் இன்று அப்படி இல்லை. எதிரணி நடுக்களத்தைக் கூட்டமாக அடைத்துவிட்டால், காலியாக இருப்பது கோட்டோரம்தான். அங்கே நிற்கும் விங்கரைப் பிடிக்க எதிரணி டிஃபெண்டர் போய்விடுவார். அந்த நேரத்தில் பின்னாலிருந்து இன்னொருவர் முழு வேகத்தில் ஓடிவந்தால் அவரைக் கணக்கில் வைத்திருப்பவர் யாரும் இருக்க மாட்டார்கள். அந்த 'இன்னொருவர்'தான் ஹக்கீமி. டார்ட்மண்டில் அவருடைய ஓட்டம் மணிக்கு 36 கிலோமீட்டருக்கு மேல் பதிவானது. நகரச் சாலையில் பைக் போகும் வேகம்.

2019 நவம்பரில் சாம்பியன்ஸ் லீக்கில் இத்தாலியின் இன்டர் மிலான் இடைவேளையில் 2-0 என்று முன்னிலை. இரண்டாம் பாதியில் டார்ட்மண்ட் மூன்று கோல் அடித்து ஜெயித்தது. அதில் இரண்டு ஹக்கீமியுடையவை. அடி வாங்கிய இன்டரே 2020-ல் அவரைச் சுமார் 40 மில்லியன் யூரோ கொடுத்து வாங்கிக்கொண்டது! அங்கே பயிற்சியாளர் கான்டே பின்னால் மூன்று டிஃபெண்டர்களை நிறுத்தி, ஹக்கீமியை முழு வலது ஓரத்துக்கும் பொறுப்பாக்கினார். லீகில் 7 கோல். 11 வருடம் கழித்து இன்டருக்கு இத்தாலிய லீக் பட்டம். அதே கோடையில் கிளப்புக்குப் பண நெருக்கடி. 2021 ஜூலையில் பாரிஸின் பி.எஸ்.ஜி.க்கு விற்கப்பட்டார்.

பி.எஸ்.ஜி.யில் மெஸ்ஸி, நெய்மர், எம்பாப்பே என்று நட்சத்திரங்கள் இருந்தவரை அவர் கூட்டத்தில் ஒருவர். எம்பாப்பேயும் கிளம்பிய பிறகு, பயிற்சியாளர் லூயிஸ் என்ரிக்கே அணியை வேறு மாதிரி அமைத்தார். யாரும் ஓரிடத்தில் நிற்பதில்லை. விங்கர் ஓரத்தை அகலப்படுத்துவார், ரைட் பேக் உள்ளே நுழைந்து ஃபார்வர்டு ஆகிவிடுவார். 2024-25 சாம்பியன்ஸ் லீக் காலிறுதியில் ஆஸ்டன் வில்லாவுக்கு எதிராக ஹக்கீமி கோல் அடித்தார். அரையிறுதியில் ஆர்சனலுக்கு எதிராகவும் அடித்தார். 2025 மே 31-ம் தேதி மூனிக்கில் நடந்த இறுதிப் போட்டியில் 12-வது நிமிடத்தில் முதல் கோலும் அவருடையது. வித்தின்யா பந்தை டூவேயிடம் நழுவவிட, டூவே குறுக்கே தட்ட, ஒரு ரைட் பேக் ஸ்ட்ரைக்கர் நிற்க வேண்டிய இடத்தில் தனியாக நின்றிருந்தார். எதிரணி, அவருடைய பழைய இன்டர். கோல் அடித்ததும் கொண்டாடவில்லை, கையை உயர்த்தி மன்னிப்புக் கேட்டார். ஆட்டம் 5-0 என்று முடிந்தது.

அப்போ ஸ்பெயினுக்கு ஏன் ஆடல?

இங்கேதான் நம் கதையும் வருகிறது. ஸ்பெயினில் பிறந்து, ஸ்பெயின் கிளப்பில் வளர்ந்தவர். ஸ்பெயினின் இளையோர் அணி முகாமுக்கும் போய்ப் பார்த்தார். அங்கே தனக்கு வீடு மாதிரி இல்லை, வீட்டில் வாழ்ந்தது மொராக்கோ வாழ்க்கைதான் என்று பின்னாளில் அந்த முடிவை விளக்கினார். பல்லவ மன்னன் காஞ்சியில் கல்லில் கோயில் எழுப்பிக்கொண்டிருந்தபோது மனசுக்குள்ளேயே கோயில் கட்டி முடித்த பூசலாரின் ஊர் திருநின்றவூர். மனசுக்குள் இருக்கும் ஊர் எப்படி இருக்கும் என்று இந்த ஊர்க்காரர்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

2016 அக்டோபரில், 17 வயதில், மொராக்கோ சீனியர் அணிக்கு ஆடிவிட்டார். ரியல் மாட்ரிட் சீனியர் அணிக்கு ஆடுவதற்கு ஒரு வருடம் முன்பே!

மனசு மட்டும் போதாது, சட்டமும் வழிவிட வேண்டும். வெளிநாட்டில் பிறந்தாலும் பெற்றோர் வழியாக மொராக்கோ குடியுரிமை வரும். இருக்கும் பாஸ்போர்ட்டைத் தூக்கி எறிய வேண்டியதில்லை. ஃபிஃபா விதியும் இளையோர் ஆட்டங்களை வைத்து ஒருவரை ஒரு நாட்டோடு கட்டிப்போடுவதில்லை. மொராக்கோ சங்கம் இதைப் பிடித்துக்கொண்டு, ஐரோப்பா முழுக்கத் தன் பிள்ளைகளைத் தேடிப்போனது. 2022 உலகக் கோப்பைக்குப் போன 26 பேரில் 14 பேர் மொராக்கோவுக்கு வெளியே பிறந்தவர்கள். கோல்கீப்பர் போனோ கனடாவில் பிறந்தவர். ஜியேஷ், அம்ரபாத், மஸ்ராவி மூவரும் நெதர்லாந்து. பயிற்சியாளர் ரெக்ராகி பிரான்ஸ்.

அந்த அணி அரையிறுதி வரை ஐந்து ஆட்டங்களில் வாங்கியது ஒரே ஒரு கோல். அதுவும் தன் ஆள் காலில் பட்டு உள்ளே போனது. டிசம்பர் 6-ம் தேதி ஸ்பெயினுக்கு எதிராக ஆட்டம் பெனால்டி ஷூட்-அவுட் வரை போனது. ஸ்பெயின் அடித்த மூன்றும் வீண். ஹக்கீமி அடித்தால் மொராக்கோ காலிறுதிக்கு. பிறந்த நாட்டைத் தோற்கடிக்கும் பந்து. கோல்கீப்பர் ஒரு பக்கம் சாய, அவர் பந்தை நடுவில் மெதுவாகத் தூக்கிவிட்டார். 'பனென்கா' என்பார்கள் இதை. தப்பினால் வாழ்நாள் முழுக்கக் கேலி. தப்பவில்லை. அடுத்து போர்ச்சுகலையும் தோற்கடித்து, உலகக் கோப்பை அரையிறுதிக்குப் போன முதல் ஆப்பிரிக்க நாடானது மொராக்கோ.

டாக்காவில் நடந்தது என்ன?

வங்கதேச அணியில் ஹம்சா சௌத்ரி ஆடினார். இங்கிலாந்தில் பிறந்தவர், லெஸ்டர் சிட்டி வீரர், இங்கிலாந்தின் 21 வயதுக்குட்பட்டோர் அணிக்கும் ஆடியவர். அம்மா வங்கதேசத்தவர். 2025 மார்ச்சில் ஷில்லாங்கில் இந்தியாவுக்கு எதிராகத்தான் வங்கதேசத்துக்காக முதல் ஆட்டம் ஆடினார். இலங்கையும் இதே பாதையில் போகிறது. ஜெர்மனியில் பிறந்த டிஃபெண்டர் கம்மர்க்னெக்ட், சுவீடனில் பிறந்த ஆதவன் ராஜமோகன் என்று புலம்பெயர்ந்த குடும்பத்துப் பிள்ளைகள் அந்த அணிக்கு ஆடியிருக்கிறார்கள்.

இந்தியாவில் இரட்டைக் குடியுரிமை கிடையாது. வெளிநாட்டு பாஸ்போர்ட் வைத்திருக்கும் இந்திய வம்சாவளியினருக்கு நாம் கொடுப்பது ஓ.சி.ஐ. அட்டை. அதை வைத்து இங்கே வாழலாம், வேலை பார்க்கலாம். நாட்டுக்காக ஆட முடியாது. இந்தியப் பாஸ்போர்ட் உள்ளவர்கள் மட்டுமே இந்தியாவுக்கு ஆடலாம் என்று 2008-ல் மத்திய அரசு முடிவெடுத்தது. ஆடியே தீர வேண்டுமென்றால் இங்கே வந்து வசித்து, சொந்த பாஸ்போர்ட்டை விட்டுக்கொடுத்து, குடியுரிமைக்கு விண்ணப்பிக்க வேண்டும். ஐரோப்பாவில் ஒப்பந்தத்தோடு இருக்கும் 20 வயதுப் பையன் எவன் இதைச் செய்வான்?

அப்படியும் ஒருவர் செய்தார். பெங்களூரு எஃப்.சி. வீரர் ரையன் வில்லியம்ஸ். ஆஸ்திரேலியாவில் பிறந்தவர், அம்மா மும்பையில் பிறந்த ஆங்கிலோ இந்தியர், தாத்தா பம்பாய்க்காக சந்தோஷ் டிராபி ஆடியவர். ஆஸ்திரேலிய பாஸ்போர்ட்டை விட்டுக்கொடுத்து 2025-ல் இந்தியக் குடிமகனானார். அவருக்கு முன்னால் இதே வழியில் வந்தவர் ஜப்பானில் பிறந்த அராட்டா இசுமி. 2013-ல் இந்தியாவுக்கு ஆடினார். இரண்டு பேருக்கும் நடுவே 12 வருடம்! டாக்காவுக்கு அணியோடு போயும் வில்லியம்ஸால் அன்று களமிறங்க முடியவில்லை. ஆஸ்திரேலிய சங்கத்தின் தடையில்லாச் சான்று வந்து சேரவில்லை.

சட்டத்தை மாத்தினா போதுமா?

சமூக வலைதளத்தில் 'ஓ.சி.ஐ. கதவைத் திறங்க, உலகக் கோப்பை நம்ம கையில' என்று எழுதுபவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. மொராக்கோ கதையின் பாதியைத்தான் அவர்கள் படிக்கிறார்கள். போர்ச்சுகலுக்கு எதிராக அந்த ஒரே கோலை அடித்த என்-நெசிரி வெளிநாட்டில் பிறந்தவர் இல்லை. அவர், டிஃபெண்டர் அகெர்த், நடுக்கள வீரர் உனாஹி எல்லோரும் ரபாத் பக்கத்தில் சலே நகரில் இருக்கும் ஆறாம் முகமது அகாடமியில் படித்தவர்கள். ஏழைக் குடும்பத்துப் பையன்களைப் பள்ளிப் படிப்போடு சேர்த்து வளர்க்கும் இடம் அது. பத்து வருடத்துக்கும் மேலாக அதில் பணமும் பொறுமையும் போட்டார்கள். 2025 அக்டோபரில் 20 வயதுக்குட்பட்டோர் உலகக் கோப்பை இறுதியில் அர்ஜென்டினாவை 2-0 என்று ஜெயித்தது மொராக்கோ.

மொராக்கோவின் உள்ளூர் லீக் நமக்கு அந்நியமும் இல்லை. அங்கே ஆடிவிட்டு வந்த அகமது ஜாஹூதான் மும்பை சிட்டி 2020-21-ல் ஐ.எஸ்.எல். பட்டமும் ஷீல்டும் சேர்த்து வாங்கியபோது நடுக்களத்தைப் பிடித்துக்கொண்டவர். 2024-25-ல் நார்த்ஈஸ்ட் யுனைடெட்டுக்காக 23 கோல் அடித்துத் தங்கக் காலணி வாங்கிய அலாதீன் அஜாரையும் மொராக்கோக்காரர். அங்கே தேசிய அணியின் முதல் பதினொன்றில் இடம் கிடைக்காதவர்கள் இங்கே லீகின் ராஜாக்கள். அந்த இடைவெளியை ஒரு பாஸ்போர்ட் சட்டம் நிரப்பாது.

ரபாத் விருது மேடைக்கு ஹக்கீமி நடந்து வரவில்லை. நவம்பர் 4-ம் தேதி, 27-வது பிறந்தநாளன்று, பயர்ன் மூனிக் ஆட்டத்தில் கணுக்காலில் பலத்த காயம். காலில் மருத்துவ பூட்ஸோடு ஸ்கூட்டரில்தான் வந்தார்.

இதையெல்லாம் ஜெர்சி தம்பியிடம் ரயிலிலேயே சொன்னேன். ஆவடி தாண்டியதும் போனை எடுத்து அந்த பனென்கா வீடியோவைத் தேடி, இரண்டு முறை பார்த்தான்.

"ஸ்பெயின்ல பொறந்துட்டு ஸ்பெயினுக்கே இப்படி அடிச்சா, அப்புறம் அந்த ஊருக்கு எப்படிண்ணா போவாரு?"

2030 உலகக் கோப்பையை ஸ்பெயின், மொராக்கோ, போர்ச்சுகல் மூன்றும் சேர்ந்து நடத்துகின்றன என்றேன். அப்போது ஹக்கீமிக்கு 31 வயது. இரண்டு ஊரிலும் ஆட்டம் இருக்கும்.