சூர்யாவின் அப்பாவாகத் தெரியும்... பெயர் தெரியுமா? - ‘பூ’ ராமுவின் கதை!

தாம்பரத்திலிருந்து பீச் போகும் மின்சார ரயிலில், பக்கத்து சீட்டில் இருப்பவரிடம் இவருடைய போட்டோவைக் காட்டிப் பாருங்கள். “‘சூரரைப் போற்று’ சூர்யாவோட அப்பா” என்று சட்டெனச் சொல்லிவிடுவார். “சரி, பேர் என்ன?” என்று கேட்டால்தான் யோசிப்பார்!

அவர் பெயர் ராமு. முதல் படத்தின் பெயர் அடைமொழியாக ஒட்டிக்கொள்ள, ‘பூ’ ராமு ஆனார்.

சினிமாவில் அவருக்குக் கிடைத்தது வெறும் 14 வருடங்கள். அதற்கு முன்பே அவர் வீதி நாடகக் கலைஞர். தமிழ்நாடு முற்போக்கு எழுத்தாளர் கலைஞர்கள் சங்கத்தைச் சேர்ந்தவர். வீதி நாடகத்தில் மேடை கிடையாது, திரை கிடையாது. பஸ் ஸ்டாண்டோ, தெருமுனையோ, கூட்டம் சுற்றி நிற்க நடுவில் நின்று நடிக்க வேண்டும். டிக்கெட் வாங்காத கூட்டம் அது. பிடிக்கவில்லை என்றால் அடுத்த நிமிடமே நடையைக் கட்டிவிடும். அந்தக் கூட்டத்தை நிறுத்திவைக்கக் கற்றவர், ராமு.

2008-ல் இயக்குநர் சசியின் ‘பூ’ வெளியானது. எழுத்தாளர் ச.தமிழ்ச்செல்வனின் ‘வெயிலோடு போய்’ சிறுகதைதான் அந்தப் படம். தமிழ்ச்செல்வனும் அதே சங்கத்துக்காரர்! பார்வதி, ஸ்ரீகாந்த் நடித்த அந்தப் படத்தில், ஸ்ரீகாந்தின் அப்பா ‘பேனாக்காரராக’ வந்தார் ராமு.

அப்பா... அப்பா... அப்பா!

பிறகு தேடி வந்ததெல்லாம் பெரும்பாலும் அப்பா வேடங்கள்தான். சீனு ராமசாமியின் ‘நீர்ப்பறவை’யில் (2012) கடலோரக் கிராமத்துத் தந்தை. ராமின் ‘தங்க மீன்கள்’ படத்தில் (2013), சம்பாதிக்கத் தடுமாறும் மகனையும் பேத்தியையும் தாங்கும் தந்தை. ‘பரியேறும் பெருமாள்’ படத்தில் (2018) சட்டக் கல்லூரி பிரின்சிபால். அவமானப்பட்டு நிற்கும் பரியனுக்குத் தைரியம் சொல்லும் அந்தக் காட்சியிலும் ஒரு தகப்பன்தான் தெரிவார்.

2020-ல் ‘சூரரைப் போற்று’. நம் தாம்பரம் விமானப்படைத் தளத்தில் விமானம் இறங்கும் பரபரப்புடன் தொடங்குமே, அதே படம்தான். சோழவந்தானில் ரயில் நிற்க வேண்டும் என்று அமைதியாக மனு போட்டுக்கொண்டே இருக்கும் வாத்தியார் அப்பா, அந்த வழியை ஏற்காத மகன். கடைசியில் சாகக் கிடக்கும் அப்பாவைப் பார்க்க ஓடும் மகனிடம், விமான டிக்கெட்டுக்குப் பணம் போதவில்லை. ஏர்போர்ட்டில் சூர்யா கையேந்தி அழும்போது நமக்கும் கண் கலங்குகிறது என்றால், அந்த அப்பாவை அதற்குள் நாம் நம்பிவிட்டோம் என்று அர்த்தம். ராமு அங்கே இல்லாமலே அந்தக் காட்சியில் இருக்கிறார்.

தாமதமாக வந்தவை

மாரடைப்பால் சென்னை ராஜீவ் காந்தி அரசு மருத்துவமனையில் சேர்க்கப்பட்ட ராமு, 2022 ஜூன் 27-ல் காலமானார். சரியாக 25 நாள் கழித்து, ஜூலை 22-ல் தேசிய விருதுகள் அறிவிக்கப்பட்டன. சிறந்த படம் உட்பட ஐந்து விருதுகள் ‘சூரரைப் போற்று’க்கு! கொண்டாட அந்த அப்பா இல்லை.

அந்த நவம்பரில் கோவா சர்வதேசத் திரைப்பட விழாவில் ‘கிடா’ திரையிடப்பட்டது. பேரனுக்குத் தீபாவளித் துணி எடுத்துத் தர, ஆசையாக வளர்த்த கிடாவை விற்கத் துணியும் தாத்தா. அந்த முதன்மை வேடத்தில் ராமு! 2023 தீபாவளிக்குத்தான் தியேட்டருக்கு வந்தது. அதற்கு முன்பு அதே வருட ஜனவரியில், மம்மூட்டியுடன் அவர் நடித்த ‘நண்பகல் நேரத்து மயக்கம்’ வெளியானது.

வீதி நாடகத்தில் கைதட்டல் உடனே கிடைத்துவிடும். சினிமா அவருக்கு அதைத் தாமதமாகத்தான் தந்தது. இன்று ஏதோ ஒரு படத்தில் ஹீரோவின் அப்பாவாக, பக்கத்து வீட்டுக்காரராக வந்துபோகும் ஒரு முகம் உங்கள் மனதில் நிற்கிறதா? படம் முடிந்ததும் மொபைலை மூடாமல், ஓடும் பெயர்ப் பட்டியலில் அவர் பெயரைத் தேடிப் படியுங்கள். அவர் இருக்கும்போதே அந்தப் பெயரை நாலு பேரிடம் சொல்லுங்கள்!